இருட்டை இருட்டாகவே விட்ட கேமராமேன்

'டஸ்ட் இன் தி விண்ட்' படம் கறுப்புத் திரையோடுதான் தொடங்குகிறது. நடுவில் குண்டூசித் தலை அளவுக்கு ஒரு வெளிச்சப் புள்ளி. தண்டவாளச் சத்தம் கேட்கிறது, புள்ளி கொஞ்சம் கொஞ்சமாகப் பெரிதாகிறது, ஓ, ரயிலின் முன்பக்கத்தில் உட்கார்ந்து குகைக்குள்ளிருந்து வெளியே வந்துகொண்டிருக்கிறோம் என்று நமக்குப் புரிவதற்குள் பச்சை மலை, ஒரு வளைவு, மறுபடி குகை, மறுபடி கறுப்பு. வடக்குத் தைவானின் சுரங்கத் தொழிலாளர் கிராமங்களுக்குப் போகும் சின்ன ரயில் பாதை அது. படம் 1986-ல் வந்தது. அந்தக் குகைக்குள் யாரும் ஒரு விளக்கும் வைக்கவில்லை. வெளியே இருந்து எவ்வளவு வெளிச்சம் வந்ததோ அவ்வளவுதான் திரையில்.

இதை எடுத்தவர் லீ பிங்-பின். வெளிநாட்டுப் படங்களின் டைட்டிலில் மார்க் லீ என்றும் வரும். 70-க்கும் மேற்பட்ட படங்கள், தைவான், ஹாங்காங், சீனா, ஜப்பான், வியட்நாம், பிரான்ஸ் என்று ஆறு இடங்களின் சினிமா. ஆனால் நம்மில் பலருக்கு இந்தப் பெயர் தெரியாது. ஹாங்காங் படமான 'இன் தி மூட் ஃபார் லவ்'-க்குக் கேமரா யார் என்று கேட்டால் கிறிஸ்டோபர் டாயில் என்று உடனே பதில் வரும். டாயில் பெரிய கலைஞர்தான், அதில் சந்தேகமில்லை. ஆனால் அந்தப் படத்தின் டைட்டிலில் இரண்டு பெயர்கள் இருக்கின்றன, இரண்டாவது பெயரை ஏன் யாரும் சொல்வதில்லை என்பது எனக்கு நீண்ட நாள் ஆதங்கம்.

சரி, ஆரம்பத்தில் இருந்து பார்ப்போம். லீ 1954-ல் பிறந்தவர். 1977-ல் சென்ட்ரல் மோஷன் பிக்சர் கார்ப்பரேஷனில் சேர்ந்தார். அது தைவானை ஆண்ட குவோமிண்டாங் கட்சிக்குச் சொந்தமான ஸ்டுடியோ. அங்கே லாய் செங்-யிங் என்ற மூத்த ஒளிப்பதிவாளரிடம் உதவியாளர். பழைய ஸ்டுடியோ முறை எப்படிப்பட்டது என்று நம் ஊர்க்காரர்களுக்குச் சொல்லத் தேவையில்லை, பெட்டி தூக்குவதில் தொடங்கி ஃபோகஸ் பிடிக்கக் கற்று, பிறகு ஒருநாள் கேமராவுக்குப் பின்னால் கண் வைக்க விடுவார்கள். அந்த முறையில் வெளிச்சம் என்றால் நல்ல வெளிச்சம் என்றுதான் அர்த்தம். நடிகர் முகம் தெரிய வேண்டும், மூலை முடுக்கெல்லாம் தெரிய வேண்டும். தெரியாவிட்டால் அது கேமராமேனின் தப்பு.

அந்தக் காலத்தில்தான் ஹோ சியாவ்-சியென் என்ற இயக்குநர் தன் போக்கை மாற்றிக்கொண்டிருந்தார். 1984 வரை அவர் படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவர் சென் குன்-ஹோ, லாய் செங்-யிங்கின் உறவினர். அதற்குப் பிறகு ஹோ தன் சொந்தச் சிறுவயதைப் படமாக்கத் தொடங்கியபோது லீயை அழைத்தார். 1985-ல் 'தி டைம் டு லிவ் அண்ட் தி டைம் டு டை' வந்தது. அதில் ஆரம்பித்த கூட்டணி 2015 வரை, 'டஸ்ட் இன் தி விண்ட்' உட்பட பத்து முழுநீளப் படங்கள்.

முதல் படத்திலேயே சிக்கல் வந்துவிட்டது என்று சொல்லலாம், நல்ல சிக்கல். கதை நடக்கும் வீடு தெற்குத் தைவானின் ஃபெங்ஷானில் ஹோ வளர்ந்த அதே வீடு. ஜப்பானியர் காலத்து மர வீடு, ஒன்றையடுத்து ஒன்றாக நகரும் கதவுகள், உள்ளே பாய் விரித்த தரை, வெளியே தெற்கத்தி வெயில் கொளுத்துகிறது. உச்சிப்பொழுதில் தெருவிலிருந்து வீட்டுக்குள் நுழைந்தால் கண்ணுக்கு ஒன்றும் தெரியாமல், ஒரு நிமிடம் கழித்து மெல்லப் பாத்திரம், சுவர், ஆள் என்று தெரிய ஆரம்பிக்கும் இல்லையா, அந்த வேலையை ஃபிலிம் செய்யாது. உள்ளே இருப்பவர் தெரிய வேண்டும் என்று எக்ஸ்போஷர் (ஃபிலிமில் விழும் வெளிச்சத்தின் அளவு) வைத்தால் ஜன்னலுக்கு வெளியே எல்லாம் வெளுத்துப்போகும். வெளியைச் சரியாக வைத்தால் உள்ளே கறுத்துவிடும். வழக்கமான தீர்வு, லைட்மேன்களைக் கூப்பிட்டு அறையை வெளிச்சத்தால் நிரப்புவது. நிரப்பினால் இரண்டும் தெரியும், ஆனால் அது வீடாக இருக்காது, செட் மாதிரி ஆகிவிடும்.

லீ அறையை நிரப்பவில்லை. உள்ளே இருட்டு என்றால் இருட்டு. ஜன்னல் பக்கம் நகர்ந்தால் முகம் தெரியும், விலகினால் பாதி மறையும். கேட்பதற்குச் சின்ன விஷயமாகத் தெரியும். ஆனால் ஃபிலிமில் ஒரு ஸ்டாப் குறைத்தால் வெளிச்சம் பாதியாகிவிடும், இரண்டு ஸ்டாப் குறைத்தால் கால் பங்கு. நெகட்டிவில் ஒரு விஷயம் பதியவே இல்லை என்றால் பிறகு லேபில் யாராலும் அதை வரவழைக்க முடியாது. இன்றுபோல மானிட்டரில் பார்த்துத் திருத்தவும் வழியில்லை, கழுவிய ஃபிலிமின் முதல் பிரதியான ரஷ் வரும்வரை கேமராமேனின் கண்ணும் லைட் மீட்டரும் மட்டும்தான் சாட்சி. எல்லாவற்றையும் வெளிச்சமாக எடுத்தால் வேலைக்கு ஆபத்தில்லை. இருட்டாக எடுக்கிறவன் ஒவ்வொரு ஷாட்டிலும் தன் பெயரைப் பணயம் வைக்கிறான். 31 வயதில் லீ அதைச் செய்தார்.

இவர் தொழில் வாழ்க்கையைப் பற்றி எழுதுபவர்கள் பலரும் ஹோவின் படங்களிலிருந்து நேராக விருதுகளுக்குத் தாவிவிடுகிறார்கள். நடுவில் இருக்கும் ஹாங்காங் வருடங்களைத் தாண்டிப் போய்விடுவார்கள். எனக்கு அந்த வருடங்கள்தான் முக்கியமாகப் படுகின்றன. 80-களின் இறுதியில் லீ ஹாங்காங் போனார். 1989-ல் ஹோவுக்கு வெனிஸ் திரைப்பட விழாவின் முதல் பரிசான தங்கச் சிங்கத்தை வாங்கிக்கொடுத்த 'எ சிட்டி ஆஃப் சேட்னஸ்' படத்தில் கேமரா வேறொருவர், சென் ஹுவாய்-என். 90-களின் தொடக்கத்தில் ஹாங்காங்கில் வருடத்துக்கு 200 படங்களுக்கும் மேல் எடுத்துத் தள்ளிக்கொண்டிருந்தார்கள். அங்கே யாரும் மேகத்துக்காகக் காத்திருக்க மாட்டார்கள். வந்தாயா, லைட் போட்டாயா, எடுத்தாயா, அடுத்த ஷாட்.

பார்த்தால் இது ஹோவின் உலகத்துக்கு நேர் எதிர். ஆனால் ஹோ வேலை செய்யும் முறையைத் தெரிந்துகொண்டால் தொடர்பு புரியும். ஹோ ஒத்திகை பார்ப்பதை விரும்பாதவர். நடிகர் எங்கே நிற்க வேண்டும் என்று தரையில் குறி போடுவதில்லை. நடிகர்கள் தோன்றியபடி பேசுவார்கள், எழுந்து போவார்கள், திரும்பி வருவார்கள். அதை நீளமான ஒரே ஷாட்டில் எடுக்க வேண்டும் என்றால் கேமராவுக்குப் பின்னால் இருக்கிறவருக்கு அடுத்த நொடி என்ன நடக்கும் என்று தெரியாது. யோசிக்க நேரமில்லை, கை தானாக முடிவெடுக்க வேண்டும். அந்தக் கை வேகம் ஆண்டுக்கு ஒரு படம் எடுத்துக்கொண்டு தைவானிலேயே இருந்திருந்தால் அவருக்கு வந்திருக்குமா என்று எனக்குச் சந்தேகம். காத்திருப்பவனுக்குத்தான் வேகம் அதிகம் வேண்டும், ஏனென்றால் அவன் காத்திருக்கும் விஷயம் வந்துவிட்டுப் போக ஐந்து நொடி போதும்.

ஹாங்காங்கில் எடுத்தது எல்லாம் அவசரப் படங்களும் இல்லை. ஆன் ஹுய் இயக்கிய 'சம்மர் ஸ்னோ' 1995-ல் வந்தது. மறதி நோய் வந்த மாமனாரை வேலைக்குப் போய்க்கொண்டே பார்த்துக்கொள்ளும் ஒரு பெண்ணின் கதை. அதற்காக ஜோசபின் சியாவோ பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். ஹாங்காங் அடுக்குமாடி வீட்டின் சின்ன அறை, சாமான்கள், பல பேர், எல்லாம் நெருக்கமாக. அழகுபடுத்த வேண்டும் என்ற எண்ணமே இல்லாமல் எடுத்திருப்பார். லீ என்றால் மெதுவான, அழகான படங்கள் மட்டும்தான் என்று நினைப்பவர்கள் அதைப் பார்க்க வேண்டும்.

இடையில் 1993-ல் ஹோவோடு 'தி பப்பெட்மாஸ்டர்', பிரான்ஸின் கேன் திரைப்பட விழாவில் ஜூரி பரிசு வாங்கிய படம். 1996-ல் 'குட்பை சவுத், குட்பை', இதில் சென் ஹுவாய்-என்னும் சேர்ந்து ஒளிப்பதிவு. அப்புறம் 1998.

'ஃபிளவர்ஸ் ஆஃப் ஷாங்காய்' பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஷாங்காயில் இருந்த உயர்தரக் கணிகையர் வீடுகளில் கதை நடக்கிறது. முழுப் படமும் அறைகளுக்குள்தான். தெரு கிடையாது, வானம் கிடையாது, பகல் வெளிச்சம் என்று சொல்லிக்கொள்ளும்படி எதுவும் கிடையாது. இரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவான படத்தில் ஷாட்டுகள் 40-ஐக்கூட எட்டவில்லை. முதல் ஷாட் மட்டும் ஏறக்குறைய எட்டு நிமிடம்: வட்ட மேசையைச் சுற்றி ஆண்கள் குடித்துக்கொண்டு கைவிரல் விளையாட்டு விளையாடுகிறார்கள், பின்னால் பெண்கள் நிற்கிறார்கள், வேலையாட்கள் வருகிறார்கள் போகிறார்கள், மேசை மேல் எண்ணெய் விளக்கு. நடிகர் டோனி லியூங் அந்தக் கூட்டத்தில் கிட்டத்தட்டப் பேசாமல் உட்கார்ந்திருக்கிறார்.

இந்தப் படத்தை நான் முதலில் பார்த்தது ஒரு மட்டமான டிவிடி நகலில். பழுப்பு நிறத்தில் கஞ்சி மாதிரி ஏதோ அசைந்துகொண்டிருந்தது. யார் பேசுகிறார்கள் என்பதே புரியாமல் இருபது நிமிடத்தில் நிறுத்திவிட்டேன். பல வருடம் கழித்து 4கே-யில் மீட்டெடுத்த பிரதியைப் பார்த்தபோதுதான் அந்த முதல் ஷாட்டில் என்ன இருக்கிறது என்று தெரிந்தது. விளக்குச் சுடரின் மஞ்சள், பட்டு உடையில் பட்டு ஒரு கோடாக மினுங்குகிறது. பின்னால் மரத் தடுப்பின் அரக்குப் பூச்சில் இன்னொரு மினுங்கல், ஒரு பெண்ணின் காதணியில் இன்னொன்று. இவை மூன்றுக்கும் இடையில் இருக்கும் இடம் முழுக்க இருட்டு, ஆனால் வெறும் கறுப்பு இல்லை, உள்ளே ஆழம் இருக்கும் இருட்டு. மட்டமான நகலில் முதலில் செத்துப்போவது இந்த ஆழம்தான். அன்று படத்தைப் பாதியில் நிறுத்தியதற்குக் காரணம் படமே இல்லை என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது.

எண்ணெய் விளக்கின் சுடர் ஒன்றை மட்டும் நம்பி ஃபிலிமில் ஓர் அறையை எடுக்க முடியாது. அதற்குத் துணை ஒளி வேண்டும். அந்தத் துணை ஒளியும் சுடரிலிருந்தே வருகிறது என்று நாம் நம்ப வேண்டும், அதன் நிறம், அது விழும் திசை, அது தேய்ந்து இருட்டில் கரையும் தூரம் எல்லாம் சுடரோடு ஒத்துப்போக வேண்டும். இதில் கேமரா வேறு சும்மா இருப்பதில்லை. டிராலியில் இடமும் வலமுமாக, மூச்சு விடுவது போல, மெல்ல நகர்ந்துகொண்டே இருக்கிறது. பேசுகிறவரைத் துரத்திப் போவதில்லை, சில சமயம் பேசுகிறவரை விட்டுவிட்டுக் கேட்கிறவர் பக்கம் போகிறது. கேமரா நகர்ந்தால் விளக்குகளின் பிரதிபலிப்பும் நகரும், மறைத்துவைத்த லைட் மாட்டிக்கொள்ளும். அதையெல்லாம் சமாளித்து எட்டு நிமிடம். எடிட்டிங்கில் வெட்டித் தப்பிக்க வழியே இல்லை.

2000-ஆம் ஆண்டு கேன் விழாவில் லீ எடுத்த இரண்டு படங்கள் ஒரே நேரத்தில் திரையிடப்பட்டன. ஒன்று டிரான் ஆன் ஹங் இயக்கிய வியட்நாம் படம் 'தி வெர்டிகல் ரே ஆஃப் தி சன்'. ஹனோயில் மூன்று சகோதரிகள், பச்சைச் சுவர்கள், இலை வழியாக வடிந்து வரும் வெயில், காலையில் கொசுவலைக்குள்ளிருந்து சோம்பலாக எழுந்திருக்கும் அண்ணனும் தங்கையும். ஃபிளவர்ஸில் இருட்டோடு மல்லுக்கட்டிய அதே ஆள்தானா என்று கேட்க வைக்கும் அளவுக்குப் பகல் வெளிச்சம்.

இன்னொன்று 'இன் தி மூட் ஃபார் லவ்'. வோங் கார்-வாய் 15 மாதங்கள் இழுத்து எடுத்த படம். டாயில் தொடங்கினார், படப்பிடிப்பு நீண்டுகொண்டே போக அவர் நடுவில் விலக, லீ வந்து தொடர்ந்தார். ஒரு விஷயம் பலருக்குத் தெரியாது, டாயிலும் தைவானில் கேமரா பிடித்து ஆரம்பித்தவர்தான், அவருடைய முதல் முழுநீளப் படம் எட்வர்ட் யாங் 1983-ல் எடுத்த 'தட் டே, ஆன் தி பீச்'. இரண்டு பேரும் 80-களில் தைவான் சினிமாவை மாற்றிய அதே புது அலையில் வந்தவர்கள், ஆனால் கை வேறு வேறு. டாயில் கேமராவைத் தோளில் தூக்கிக்கொண்டு ஆட்டத்தில் கலந்துகொள்பவர், லீ ஒதுங்கி நின்று பார்ப்பவர். அந்தப் படத்தில் கதவு இடுக்கு வழியாக, கண்ணாடி வழியாக, சுவர் மறைத்த பாதிச் சட்டகத்தில் இரண்டு பேரைப் பார்க்கும் அந்தப் பொறுமை எங்கிருந்து வந்தது என்று யோசித்தால் எனக்கு லீயின் ஞாபகம் வருகிறது. எந்த ஷாட் யாருடையது என்று பிரிப்பது வீண் வேலை, நான் அதைச் செய்யப்போவதில்லை. கேனில் டெக்னிக்கல் கிராண்ட் பிரைஸை டாயில், லீ, கலை இயக்குநரும் எடிட்டருமான வில்லியம் சாங் என்று மூன்று பேருக்கும் சேர்த்தே கொடுத்தார்கள். நாமும் அப்படியே சொல்லலாமே.

அதற்குப் பின் வேலை எல்லாப் பக்கமிருந்தும் வந்தது. ஹோவின் 'மில்லேனியம் மாம்போ' ஆரம்பத்தில் கீலுங் நகரத்து நடைமேம்பாலத்தில் டியூப்லைட் வரிசைக்குக் கீழே நடிகை ஷூ சீ திரும்பித் திரும்பிப் பார்த்தபடி நடந்துபோகும் காட்சியை இணையத்தில் எங்காவது பார்த்திருப்பீர்கள், படத்தின் பெயர் தெரியாமலே பார்த்திருக்கவும் வாய்ப்பு உண்டு. சீனாவில் டியான் சுவாங்சுவாங்குக்கு 'ஸ்பிரிங்டைம் இன் எ ஸ்மால் டவுன்', ஜப்பானில் கோரே-எடாவுக்கு 'ஏர் டால்', டிரான் ஆன் ஹங்கோடு மறுபடியும் 'நார்வீஜியன் வுட்', பிரான்ஸில் ஓவியர் ரெனுவாரின் கடைசிக் காலத்தைச் சொல்லும் 'ரெனுவார்'. ஹோவோடு டோக்கியோவில் 'கஃபே லூமியர்' எடுத்தபோது கடைசி ஷாட்டில் ஓச்சனோமிசு ஸ்டேஷன் பக்கத்தில் ஆற்றுக்கு மேல் வெவ்வேறு உயரத்தில் ரயில்கள் ஒன்றையொன்று கடக்கின்றன. கேமரா அசையவே இல்லை. ரயில்கள் சேர்ந்து வரும்வரை அது பாட்டுக்கு நிற்கிறது. 2009-ல் லீயைப் பற்றியே 'லெட் தி விண்ட் கேரி மீ' என்று ஓர் ஆவணப்படம் வந்துவிட்டது, ஒளிப்பதிவாளருக்கு இந்த மரியாதை சுலபமாகக் கிடைப்பதில்லை.

2015-ல் 'தி அசாசின்'. சீனாவின் டாங் வம்சக் காலத்துக் கொலைகாரிப் பெண்ணின் கதை, கேனில் ஹோவுக்குச் சிறந்த இயக்குநர் விருது, தைபேயின் கோல்டன் ஹார்ஸ் விழாவில் லீக்குச் சிறந்த ஒளிப்பதிவு விருது. உலகமே டிஜிட்டலுக்குப் போன பிறகு 35 எம்எம் ஃபிலிமில் எடுத்தார்கள். அதுவும் அகலத்திரையில் இல்லை, பழைய காலத்துக் கிட்டத்தட்டச் சதுரமான சட்டகத்தில். வாள்சண்டைப் படம் என்றால் அகலமாக விரிய வேண்டும் என்பது எல்லோருடைய எண்ணம். ஆனால் இந்தப் படம் பார்ப்பது நிற்கிற மனிதர்களை, உயர்ந்த மரங்களை, மேலிருந்து தொங்கும் திரைச்சீலைகளை. எல்லாமே செங்குத்தான விஷயங்கள்.

அதில் ஒரு காட்சி. ஆளுநர் இரவில் தன் ஆசைநாயகியிடம் பழைய கதை ஒன்றைச் சொல்கிறார். மெழுகுவத்தி எரிகிறது. கேமராவுக்கும் அவர்களுக்கும் நடுவில் மெல்லிய பட்டுத்துணிகள் காற்றில் ஆடுகின்றன. துணி லென்ஸுக்கு முன்னால் வரும்போது இருவரும் மங்குகிறார்கள், விலகும்போது துலங்குகிறார்கள், மறுபடி மங்குகிறார்கள். அழகுக்காகத் துணி கட்டியிருக்கிறார்கள் போலும் என்று பார்த்துக்கொண்டிருக்கும்போதே துணிகளுக்கு நடுவில் அந்தக் கொலைகாரி அசையாமல் நிற்பது தெரிகிறது. இவ்வளவு நேரமும் அவள் கண் வழியாகத்தான் பார்த்தோமா என்று முதுகு சில்லிடும். ஒரு திடீர் இசை இல்லை. துணி ஆடிய ஆட்டம்தான் எல்லாம்.

இன்னொன்று, மலையுச்சி. குருவான துறவிப் பெண் பாறை விளிம்பில் நிற்கிறாள், சிஷ்யை வந்து பேசுகிறாள். பேச்சு நடந்துகொண்டிருக்கும்போதே கீழே பள்ளத்தாக்கிலிருந்து பனிமூட்டம் எழும்பி வந்து பாறையைச் சூழ்கிறது. மலையே அனுப்பிய மூட்டம் அது. அது வந்த நேரத்தில் கேமரா ஓடிக்கொண்டிருந்தது, யாரும் கட் சொல்லவில்லை. அதிர்ஷ்டம் என்று சொல்லலாம். முப்பது வருடமாக அதே இடத்தில் அதே மாதிரி நின்று பழகியவனுக்கு வந்த அதிர்ஷ்டம்.

அடுத்த வருடமே பெர்லினில் யாங் சாவ் இயக்கிய 'கிராஸ்கரண்ட்' படத்தின் ஒளிப்பதிவுக்காக லீக்கு வெள்ளிக் கரடி விருது. யாங்சே ஆற்றில் எதிர்நீச்சலாகப் போகும் ஒரு சரக்குக் கப்பல், பனி, சாம்பல் நிற நீர், விடியாத விடியல்கள். கதை எனக்குப் பாதிதான் பிடிபட்டது, அதைச் சொல்லிவிடுகிறேன். ஆனால் ஆறு பிடிபட்டது.

இவரைப் பார்க்கத் தொடங்க வேண்டும் என்றால் எதில் தொடங்குவது என்று கேட்டால் 'டஸ்ட் இன் தி விண்ட்' என்றுதான் சொல்வேன். ராத்திரி பாருங்கள், அறை விளக்கை அணைத்துவிடுங்கள், டிவியில் பிரைட்னஸைக் கூட்டாதீர்கள், இருட்டாக இருக்கிறதே என்று தோன்றும் இடங்களில் கண் பழகக் கொஞ்சம் நேரம் கொடுங்கள். கடைசியில் பட்டாளத்துக்குப் போய்த் திரும்பி வந்த பையன் தாத்தாவோடு சர்க்கரைவள்ளிக் கிழங்குத் தோட்டத்தில் நிற்பான். இந்த வருடம் புயலால் கிழங்கு சரியில்லை என்று தாத்தா புலம்புவார். பேச்சு முடியும், படம் முடியாது. எதிரே மலைச்சரிவு, தூரத்தில் கடல், மேகத்தின் நிழல் மலை மேல் ஊர்ந்து போகும். வெளிச்சம் ஒரு சரிவில் விழும், அணையும், இன்னொரு சரிவில் விழும்.